வெளிவராத படத்தின் பாட்டு

தளம் போடுகிற நாளில் வரிசை நிற்கக் கூடாது. கீழே கலவை போட ஆரம்பித்துவிட்டால் மேலே கடைசிச் சட்டி கொட்டுகிற வரைக்கும் கை ஓடிக்கொண்டே இருக்க வேண்டும். நடுவில் ஒருத்தி இடுப்பைப் பிடித்துக்கொண்டு நின்றால் பழைய கலவை இறுகிவிடும், புதுக் கலவையோடு சேராது. அடுத்த மழைக்கு அந்த இடம் ஒழுகும். அதனால் சாரத்தில் படிக்கு ஒருத்தியாக நின்று சட்டியைக் கைமாற்றுகிற பெண்கள் ஏதாவது பாடிக்கொண்டே இருப்பார்கள். பாடினால் வலி தெரியாது என்று சொல்வார்கள். தெரியும். எல்லோருக்கும் ஒரே நேரத்தில் தெரியும், அவ்வளவுதான்.

திருவண்ணாமலை தனி மாவட்டமான 1989இல் வேங்கிக்காலில் எங்கே பார்த்தாலும் அஸ்திவாரம் தோண்டியிருந்தார்கள். அடி அண்ணாமலையிலிருந்து காசியம்மாளும் அவள் அம்மா சந்திரம்மாளும் தினமும் அங்கேதான் சித்தாள் வேலைக்குப் போனார்கள். காசியம்மாளுக்குப் பதினெட்டு வயது. பத்தாவதில் கணக்கு கழுத்தை அறுத்துவிட்டது. அவள் வரிசையில் நின்றால் பழைய பாட்டு பாட மாட்டாள். அந்தந்த நேரத்துக்கு அவளே கட்டுவாள். மேஸ்திரியின் புதுச் செருப்பைப் பற்றி ஒன்று, தண்ணீர் கொண்டுவராத லாரியைப் பற்றி ஒன்று. அன்றைக்கு வெயில் மண்டையைப் பிளந்தது. அவள் வெயிலைப் பிடித்துக்கொண்டாள்.

வெயிலே வெயிலே எறங்கி வா
ஒரு சட்டி நீயும் தூக்கிப் பார்
சாரத்து மேல ஏறிப் பார்
சறுக்கி வுழுந்தா சிரிக்க மாட்டோம்

கீழே குடை பிடித்து நின்றிருந்த வீட்டுக்காரர் ராஜமாணிக்கம் தலையைத் தூக்கினார்.

“யாரும்மா பாடறது?”

வரிசை கப்பென்று வாயை மூடிக்கொண்டது. சந்திரம்மாள்தான் பதில் சொன்னாள். “வேல ஓடினுதாங்க கீது சார். பாட்டு சும்மா.”

“வேலைய யாரு கேட்டா? பாட்டத்தான் கேக்கறேன்.”

ராஜமாணிக்கம் பகலில் அரசாங்க ஆபீசில் கிளார்க். சாயங்காலத்திலும் ஞாயிற்றுக்கிழமையிலும் ‘ராஜகீதம் மெல்லிசைக் குழு’வின் சொந்தக்காரர், கீபோர்டு வாசிப்பவர், மைக்கில் அறிவிப்பவர், எல்லாம் அவரே. குழுவில் பாடிக்கொண்டிருந்த பெண் கல்யாணமாகித் தர்மபுரி போய்விட்டாள். முகூர்த்த மாதம் வாசலில் நின்றது. காசியம்மாள் சிமெண்டுக் கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு அவர் எதிரில் ஒரு சினிமாப் பாட்டு பாடிக் காட்டினாள். அவர் இரண்டாவது அடியிலேயே தலையாட்டிவிட்டார்.

சந்திரம்மாள் யோசித்தாள். “சட்டி தூக்கினா ஆறு மணிக்கு வூட்டுக்கு வந்துடற. பாட்டு பாடப் போனா எப்பொ வருவ? அத்த மட்டும் சொல்லு.”

“வந்துடுவேம்மா.”

“எப்பொன்னு கேட்டா, வந்துடுவேன்றா பாரு.”

ஆனாலும் அனுப்பினாள். நோட்டீசில் மட்டும் பெயர் மாறியது. “காசியம்மாள்னு அடிச்சா மேடைக்குக் குறி கேக்க வந்துடுவாங்கம்மா,” என்றார் ராஜமாணிக்கம். அவள் ‘குமாரி ரேகா’ ஆனாள். நிகழ்ச்சி இல்லாத நாட்களில் காசியம்மாளாகவே சட்டி தூக்கினாள். சிமெண்டுத் தூசி தொண்டைக்கு ஆகாது என்று வாயில் துணி கட்டிக்கொண்டாள். அந்தத் துணியைப் பார்த்து மற்றப் பெண்கள், “பாடகி வராங்கோ, வழி வுடுங்கடி,” என்று சிரித்தார்கள்.

குழுவில் சினிமாப் பாட்டு மட்டும்தான். கூட்டத்திலிருந்து சீட்டு வரும். இன்ன ஊர் நண்பர்கள், இன்ன பாட்டு என்று பென்சிலில் எழுதி மேடைக்கு அனுப்புவார்கள். ராஜமாணிக்கம் அதை மைக்கில் வாசிப்பார். கேட்ட பாட்டைப் பாடுவோம் என்பதுதான் குழுவின் பெருமை. தெரியாது என்று ஒரு சீட்டைத் திருப்பினால் அடுத்த வருஷம் அந்த ஊர்க்காரர்கள் வேலூர்க் குழுவைக் கூப்பிட்டுவிடுவார்கள். காசியம்மாள் ஒவ்வொரு பாட்டையும் கேசட்டில் யார் பாடியிருக்கிறார்களோ அவர்களைப் போலவே பாடினாள். இருமல் வந்தாலும் அவர்களைப் போல இருமு என்பார் ராஜமாணிக்கம் என்று தோன்றியது. அவள் நோட்டில் அதற்குள் பதினைந்து பாட்டு சேர்ந்துவிட்டது, அவளே கட்டியவை. வெயில் பாட்டுக்கு இன்னும் மூன்று சரணம் எழுதி மெருகேற்றி வைத்திருந்தாள்.

“ஒரே ஒரு தபா, நம்ம பாட்டு ஒண்ணு பாடறேன் சார்.”

“நம்ம பாட்டுன்னு சொல்லிப் பாரு. பீடிய பத்த வெச்சிக்கினு எழுந்து போயிடுவானுங்க. ஜனங்களுக்குத் தெரிஞ்ச பாட்டுதாம்மா பாட்டு.”

1992 ஆடி மாதம், போளூர்ப் பக்கத்தில் ஒரு கூழ்த் திருவிழா. சாயங்காலக் கச்சேரி. ஐந்தாவது பாட்டு முடிந்ததும் வந்த சீட்டுகளில் ஒன்றை ராஜமாணிக்கம் மைக்கில் உரக்க வாசித்தார். “அடுத்ததாக மகளிர் மன்றத் தோழிகள் விரும்பிக் கேட்டிருக்கும் புதுப்படப் பாடல், ‘வெயிலே வெயிலே எறங்கி வா’.” வாசித்து முடித்த பிறகுதான் அவருக்கு உறைத்தது, எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கிறது, ஆனால் எந்தப் படம் என்று தெரியவில்லை. மைக்கைக் கையால் பொத்திக்கொண்டு, தாளத்துக்கு ரிதம் பேட் வாசிக்கிற முருகையன் பக்கம் குனிந்தார்.

“யோவ், இது எந்தப் படம்?”

“இன்னும் ரிலீஸ் ஆவல சார். பாட்டு மட்டும் வந்துகீது. ரேடியோல போட்டானே, நீங்க கேக்கல?”

“கேட்டேன், கேட்டேன்,” என்றார் ராஜமாணிக்கம்.

சீட்டை எழுதியது முருகையன். எழுதச் சொன்னது காசியம்மாள். அவன் பேடில் அடி எடுத்துக் கொடுத்தான், அவள் பாடினாள். யாரைப் போலவும் இல்லாமல் பாடினாள். ராஜமாணிக்கம் இரண்டு அடி தடவிப் பார்த்து சுருதியைப் பிடித்தார். சரணத்துக்கும் சரணத்துக்கும் நடுவில் எதைக் காப்பி அடிப்பது என்று அவருக்குத் தெரியவில்லை. விரலுக்கு வந்ததை வாசித்தார். அது நன்றாக வந்துவிட்டது. பாட்டு முடிந்ததும் கூட்டத்தின் பின்பக்கத்திலிருந்து, பாத்திரம் கழுவிக்கொண்டிருந்த பெண்கள் பக்கமிருந்துதான் முதலில் சத்தம் வந்தது. “இன்னொரு வாட்டி!” இன்னொரு வாட்டி பாடினார்கள். கடைசியில் ஒருமுறையும் பாடினார்கள்.

மறுநாள் ஒத்திகையில் காசியம்மாள் உண்மையைச் சொல்லிவிட்டாள். ராஜமாணிக்கம் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

“ஊர் முன்னாடி என்ன முட்டாளாக்கிட்டியேம்மா.”

“நீங்கதான சார் ரேடியோல கேட்டேன்னீங்க,” என்றான் முருகையன்.

“வாய மூடுய்யா.”

அவர் கத்தியிருப்பார். ஆனால் அந்த வாரத்திலேயே மூன்று ஊர்க்காரர்கள் அந்தப் பாட்டைச் சொல்லித் தேதி கேட்டு வந்திருந்தார்கள். அவர் முடிவாகச் சொன்னார். “படப் பாட்டாவே இருந்துட்டுப் போவட்டும். ஒரு வார்த்தை வெளிய போகக் கூடாது.” காசியம்மாளும் சரி என்றாள். பாட்டு மேடை ஏறினால் போதும் என்று இருபத்தோரு வயதில் தோன்றியது. அங்கேதான் அவள் தப்புக் கணக்குப் போட்டாள்.

பிறகு அந்தப் படம் வளர ஆரம்பித்தது. கதாநாயகி பணக்கார வீட்டுப் பெண்ணாம், அப்பனோடு சண்டை போட்டுக்கொண்டு சித்தாள் வேலைக்கு வருகிறாளாம். மங்கலத்தில் ஒருவர் படம் பெட்டிக்குள்ளேயே தூங்குகிறது, தயாரிப்பாளருக்கும் டைரக்டருக்கும் தகராறு என்றார். பெங்களூரில் தோசைக் கடையில் வேலை பார்த்துவிட்டு வந்த ஒருவன், தான் அங்கே படத்தையே பார்த்துவிட்டதாகவும், அந்தப் பாட்டு கிளைமாக்சுக்கு முன்னால் வருவதாகவும் கற்பூரம் அடித்துச் சத்தியம் செய்தான். செங்கம் சாலையில் ரெக்கார்டிங் கடை வைத்திருந்த தசரதன்தான் மாட்டிக்கொண்டார். வெற்று கேசட்டும் பாட்டுப் பட்டியலுமாக வருகிறவர்கள் எல்லாம் பட்டியலில் முதலில் அதை எழுதியிருந்தார்கள். “பத்தாயிரம் பாட்டு வெச்சிகிறேன்னு போர்டு மாட்டிகிற, இது இல்லியா?” என்று கேட்டார்கள். அவர் சென்னைக்குப் போய் மூன்று கடைகளில் விசாரித்துவிட்டு வந்தார்.

வேலூர்க் குழுவும் அந்தப் பாட்டை எடுத்துக்கொண்டது. ‘சறுக்கி வுழுந்தா’வை மாற்றி ‘சிரித்துப் பார்த்தா’ என்று பாடினார்கள். காசியம்மாள் அதைக் கேபிள் டிவியில் கேட்டுவிட்டு அன்றைக்குச் சோறு சாப்பிடவில்லை. சந்திரம்மாளுக்குப் பொறுக்கவில்லை. வேலை செய்கிற இடத்தில் சொல்லிவிட்டாள். “அது என் பொண்ணு கட்டினதுடி.”

“அப்பொ படத்துல ஆடினதும் உம் பொண்ணுதானா?” என்றாள் ஒருத்தி. எல்லோரும் சிரித்தார்கள். சாயங்காலம் வீட்டுக்கு வந்து சந்திரம்மாள் மகளைத் திட்டினாள். “பெத்தவ சொன்னாலே நம்ப மாட்டேன்றாங்க. இன்னா வேலடி பண்ணி வெச்சிகிற?”

மேடையில் பாடுகிற பெண் என்று இரண்டு கல்யாண இடம் தட்டிப் போயிருந்தது. அதற்குக்கூட காசியம்மாள் அழவில்லை. இதற்கு அழுதாள்.

1997 கடைசியில் சென்னையிலிருந்து சுரேஷ்குமார் என்று ஒருவர் வந்தார். சின்ன கேசட் கம்பெனிக்காரர். பௌர்ணமிக்குப் பௌர்ணமி கிரிவலக் கூட்டம் பெருகிக்கொண்டிருந்ததால் பக்திக் கேசட் போட தசரதன் கடைக்கு வருவார். அந்த முறை, பக்திக் கேசட் போடுகிறவர்கள் ஜாஸ்தி ஆகிவிட்டார்கள், புதுசாக ஆட்டம் போடுகிற மாதிரி பாட்டு ஏதாவது உண்டா என்று கேட்டார். தசரதன் தானே கச்சேரியில் பதிவு செய்து வைத்திருந்த வெயில் பாட்டைப் போட்டுக் காட்டினார். சுரேஷ்குமார் மூன்று முறை கேட்டார். படப் பாட்டு என்று தெரிந்ததும் உதட்டைப் பிதுக்கிவிட்டுப் பக்திக் கேசட் கணக்கைப் பார்க்க உட்கார்ந்துவிட்டார். விஷயம் காதுக்கு வந்ததும் காசியம்மாள் சட்டியைக் கீழே போட்டுவிட்டு ஓடினாள். முழங்கை வரை சிமெண்டு.

“சார், அது படப் பாட்டு இல்ல. நான் எழுதினது.”

தசரதன் வாயைப் பிளந்தார். “அடிப்பாவி! அஞ்சு வருஷமா என்ன லோலோன்னு அலைய வுட்டியே!”

சுரேஷ்குமார் அவள் கையைப் பார்த்தார், அவளைப் பார்த்தார். “நான் நம்பறேம்மா. சட்டி தூக்காத ஆளு அப்படி எழுத முடியாது. ஆனா ஊரே படம்னு சொல்லுது. வேலூர்ல வேற பாடறாங்க. நாளைக்கு எவனாவது வந்து எம்பாட்டுன்னு நின்னா நான் இன்னா பதில் சொல்வேன்? நீங்க முதல்ல மேடையில சொல்லுங்க, ஜனங்க எதிர்ல. அதுக்கப்புறமும் யாரும் சண்டைக்கு வரலன்னா ரெக்கார்டிங் வெச்சிக்கலாம்.”

ராஜமாணிக்கம் ஒப்புக்கொள்ளவில்லை. “சொன்னா இன்னா ஆவும்னு யோசிச்சியா? அஞ்சு வருஷமா ஒவ்வொரு ஊர்லயும் எந்திருச்சி நின்னு பொய் சொன்னவன் நான். எம் பேருதாம்மா நாறும்.”

“எம் பாட்டு சார்.”

“உம் பாட்டுதான். யாரு இல்லன்னா? வாயால சொல்லாதன்றேன்.”

அடுத்த நிகழ்ச்சி செங்கம் சாலையில் ஒரு கல்யாண வரவேற்பு. பெண்ணின் தாய்மாமன் அப்பாசாமி. டிராக்டர் வைத்திருக்கிற பெரிய கை. கஞ்சி போட்ட வேட்டி மடிப்புக் கலையாமல் முன்வரிசையில் உட்கார்ந்துகொண்டு, பந்தியைப் பார் என்று ஒருவனையும் மாலையைப் பார் என்று ஒருவனையும் கையாலேயே விரட்டிக்கொண்டிருந்தார். வெயில் பாட்டுக்காகவே அவர்தான் குழுவை ஏற்பாடு செய்திருந்தார். சுரேஷ்குமார் பின்வரிசையில் வந்து உட்கார்ந்தது காசியம்மாளுக்குத் தெரிந்தது. பாட்டின் முறை வந்ததும் ராஜமாணிக்கம் அறிவிப்பதற்குள் அவள் மைக்கை எடுத்துக்கொண்டாள்.

“இப்பொ பாடப் போற பாட்டு எந்தப் படத்துலயும் இல்லீங்க. நான் எழுதினது. எம் பேரு ரேகா இல்ல. காசியம்மா. ஊரு அடி அண்ணாமலை.”

ராஜமாணிக்கம் கீபோர்டிலிருந்து இரண்டு கையையும் எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். மண்டபத்தில் யாரோ விசில் அடித்தார்கள். “ஏ, பெங்களூர்ல படமே ஓடிச்சும்மா!” என்று ஒரு குரல். அப்பாசாமி எழுந்தார்.

“இன்னாம்மா கத வுடற? படப் பாட்டுன்னுதான் உங்கள கூப்ட்டது. நீ எழுதினியா? அப்பிடின்னா எங்க பொண்ணு மாப்பிளைக்கு ஒரு அடி போடு. இங்கியே. இப்பவே. பாத்துடலாம்.”

காசியம்மாள் ஏதோ பாடினாள். நிலவு வந்தது, மலர் வந்தது, மாப்பிள்ளை மன்மதன் ஆனான். அவளுக்கே அது பிடிக்கவில்லை.

“இது எந்தப் படத்துல வேணா வரும்!” என்றார் அப்பாசாமி. மண்டபம் சிரித்தது. பின்வரிசையில் சுரேஷ்குமார் தலையைக் குனிந்துகொண்டார். அப்பாசாமி பக்கத்தில் நின்றவனிடம் திரும்பி, “எல போட்டானுங்களா இல்லியா, போய்ப் பாருடா,” என்று மறுபடியும் கையாட்டினார். காசியம்மாள் அந்தக் கையைப் பார்த்தாள். இந்த மாதிரிக் கைகளை எட்டு வருஷமாகக் கீழேயிருந்து பார்த்திருக்கிறாள். முருகையனைத் திரும்பிப் பார்த்து, “அடிண்ணா,” என்றாள். அவன் அடித்தான்.

மாமா மாமா எறங்கி வா
ஒரு பந்தி நீயும் வெச்சிப் பார்
கொழம்பு வாளி தூக்கிப் பார்
வேட்டி கசங்கினா சிரிக்க மாட்டோம்

எல்லோரும் அப்பாசாமியைத் திரும்பிப் பார்த்தார்கள். பெரிய மனிதர், பெண்ணுக்குத் தாய்மாமன். பிறகு மணப்பெண் மாலையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள். அவ்வளவுதான், மண்டபமே உடைந்தது. பந்தியில் இருந்தவர்கள் எச்சில் கையோடு வாசலுக்கு வந்து எட்டிப் பார்த்தார்கள். காசியம்மாள் நிறுத்தவில்லை. கல்யாணத்தன்று மாமனைக் கேலி பேசக் கூடாது என்று எந்தச் சட்டமும் இல்லை, அவளுக்கு அது தெரியும். மாமன் டிராக்டருக்கு ஓர் அடி, மாமன் மீசைக்கு ஓர் அடி, பிறகு வெயில் பாட்டு முழுவதும். முருகையனின் அடியைத் தவிர வேறு வாத்தியம் இல்லை. கடைசிச் சரணத்தில் அப்பாசாமி வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு நிஜமாகவே சாம்பார் வாளியைத் தூக்கிக்கொண்டு நடுமண்டபத்தில் நின்றார்.

“ஒத்துக்கறேன்டியம்மா!” என்று கத்தினார். “இது உன் சரக்குதான்!”

ராஜமாணிக்கம் சிரிக்கவில்லை. கீபோர்டுக்கு உறை போட்டுக்கொண்டே சொன்னார். “நல்லா பாடின. நாளையிலேருந்து வர வேணாம்.”

அவள் போகவில்லை. ரமணாசிரமம் பக்கத்தில் ஒரு விடுதிக்கு இரண்டாவது மாடி எழுப்பிக்கொண்டிருந்தார்கள், அங்கே செங்கல் தூக்கினாள். சந்திரம்மாள், “மைக்கும் போச்சு, மானமும் போச்சா?” என்று கேட்பாள் என்று நினைத்தாள். அவள் அப்படிக் கேட்கவில்லை. வரிசையில் நின்ற பெண்களிடம், “சொன்னேனே, நம்பினீங்களாடி?” என்று மட்டும் ஒவ்வொருத்தியிடமும் தனித்தனியாகப் போய்க் கேட்டுவிட்டு வந்தாள். யாரும் பாட்டுக்குச் சொந்தம் கொண்டாடி வரவில்லை. எப்படி வருவார்கள்? ஒரு மாதம் கழித்துச் சுரேஷ்குமாரிடமிருந்து தேதி குறித்துக் கடிதம் வந்தது.

அதற்கு இரண்டு நாள் கழித்து ராஜமாணிக்கம் கட்டடத்துக்கு வந்தார். செங்கல் குவியலுக்கு இந்தப் பக்கமே நின்றார்.

“கேசட் போடறாங்களாமே.”

“ஆமா சார்.”

“கீபோர்டுக்கு யாரு?”

“அங்கியே யாரோ இருப்பாங்களாம்.”

அவர் கொஞ்ச நேரம் செருப்பால் மணலைக் கிளறினார். “ரெண்டு சரணத்துக்கு நடுவுல ஒரு பிட்டு வருது பாரு. அது எந்தப் படத்துலேருந்தும் எடுத்தது இல்லம்மா. நானே போட்டது. போளூர்ல, அன்னிக்கு அந்த மேடையிலியே வந்தது. இருபது வருஷமா வாசிக்கறேன், நானா போட்டது அது ஒண்ணுதான். யார் கிட்டயும் சொல்லிக்க முடியல. படம்னு சொன்னதே நான்தான, எப்பிடி சொல்வேன்?”

காசியம்மாள் அவரையே பார்த்தாள். இதை அவள் ஒரு நாளும் நினைத்துப் பார்த்ததில்லை. தன் பாட்டு ஒன்றுதான் அந்தப் படத்துக்குள் மாட்டிக்கொண்டிருக்கிறது என்று நினைத்திருந்தாள்.

“அட்டையில உங்க பேரும் போடச் சொல்றேன் சார்.”

“பெரிசா போட வேணாம்,” என்றார். பிறகு, “ரொம்பச் சின்னதாவும் வேணாம்,” என்றார்.

1998 ஏப்ரலில் காசியம்மாளும் ராஜமாணிக்கமும் முருகையனும் சென்னைக்குப் போய்ப் பாட்டைப் பதிவு செய்தார்கள். குளிர்பதன அறையில் காசியம்மாளுக்குப் பல் கிட்டியது. மைக்குக்கு முன்னால் கை சும்மா இருக்க மறுத்தது. சட்டி வாங்குவது போலவும் கொடுப்பது போலவும் ஆடிக்கொண்டே இருந்தது. ஆட்டினால் துணி உரசுகிற சத்தம் விழுகிறது என்று இரண்டு முறை நிறுத்தினார்கள். மூன்றாம் முறை முந்தானையை இடுப்பில் இறுக்கிச் செருகிக்கொண்டு பாடினாள். சரியாக விழுந்தது. பாடல், குரல் காசியம்மாள் என்றும் இசை ராஜமாணிக்கம் என்றும் சுரேஷ்குமார் எழுதிக்கொண்டார்.

“மத்த ஏழு பாட்டு எப்பொ?” என்றார்.

“எந்த ஏழு?”

“ஒரு பக்கத்துக்கு நாலு வேணும்மா. ஒரு பாட்ட வெச்சி கேசட் வுட முடியுமா? நோட்டுல இருக்கறத பாத்தேன். ஒண்ணு தேறும். மத்ததெல்லாம் இந்த வெயில் பாட்டுக்கே தங்கச்சிங்க. புதுசா எழுதுங்க. ரெண்டு மாசம் டைம்.”

2005க்குள் அவள் ஆறு கேசட்டும் இரண்டு சிடியும் போட்டாள். சித்தாள் வேலையை மூன்றாவது கேசட்டுக்குப் பிறகுதான் விட்டாள். கல்யாணம், குழந்தை எல்லாம் ஆனது. ஒன்றிரண்டு பாட்டு மாவட்டம் தாண்டி ஓடியது, சிலது ரெக்கார்டிங் கடைக்காரர்களே வாங்காமல் படுத்துக்கொண்டது. அதெல்லாம் பின்னால். அன்றைக்கு மத்தியானம் திரும்பி வருகிற பேருந்தில் அவளிடம் ஒரு புதுப் பாட்டுக்கூட இல்லை.

“நிலா வெச்சி ஒண்ணு போடலாமே,” என்றார் ராஜமாணிக்கம்.

“வேணாம் சார்.”

“மழை?”

“தளம் ஒழுவும் சார், அதான் ஞாபகம் வருது.”

முருகையன் முன் சீட்டு முதுகில் தலையைச் சாய்த்துத் தூங்கிவிட்டான். மேல்மருவத்தூரில் ஒரு அம்மாள் மூன்று மூட்டைகளோடு ஏறினாள். ஜன்னலோரம் இருந்தவரைப் பார்த்து, “துண்டு போட்டா எடமா? நானு மூணு மூட்ட போட்டுகிறேன், எனக்கு மூணு எடம் குடு,” என்று சண்டைக்கு நின்றாள். பேருந்து முழுவதும் கட்சி பிரிந்தது. கண்டக்டர் யார் பக்கமும் சேராமல் விசிலை ஊதினார்.

காசியம்மாள் ராஜமாணிக்கத்தின் முழங்கையைத் தட்டினாள். “அந்தம்மா சொன்னத கேட்டீங்களா?”

“எத்த?”

“மூணு மூட்ட, மூணு எடம். அடி தானா வுழுது பாருங்க.”

அவர் மடியில் இருந்த டிபன் டப்பாவின் மூடியில் விரலால் தட்டிப் பார்த்தார். தாளம் மாறியது, இவள் வேண்டாம் என்றாள். அவர் மறுபடியும் தட்டினார். திண்டிவனம் தாண்டுவதற்குள் இரண்டு அடி வந்துவிட்டது. மூன்றாவது அடி வரவில்லை. செஞ்சிக்கு இன்னும் முக்கால் மணி நேரம் இருந்தது. மூட்டைக்காரம்மாள் இன்னும் சண்டை போட்டுக்கொண்டுதான் இருந்தாள்.